பத்து லட்சம் முப்பது லட்சம் ஆகும் கதை: வீட்டுக் கடனும் சாதியும்

(திருப்பூரில் பனியன் தொழிலாளர்களும் கல்லூரி மாணவர்களும் கலந்துகொண்ட கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



சாதி ஒழிப்பு பேசுகிற மேடையில் வீட்டுக் கடனுக்கு என்ன வேலை என்று சிலருக்குத் தோன்றலாம். முதலில் அதற்குப் பதில் சொல்லிவிடுகிறேன்.

1917ஆம் ஆண்டு, அமெரிக்காவிலும் இலண்டனிலும் படித்துவிட்டு பரோடா சமஸ்தானத்துக்கு வேலைக்குப் போன அண்ணல் அம்பேத்கருக்கு அந்த ஊரில் தங்க ஓர் அறை கிடைக்கவில்லை. பார்சிகளின் விடுதி ஒன்றில் பார்சிப் பெயரில் தங்கினார். சில நாட்களிலேயே ஒரு கூட்டம் தடியோடு வந்து அவரை வெளியேற்றியது. பின்னாளில் அவர் பம்பாய் தாதரில் தமக்கும் தம் புத்தகங்களுக்கும் சேர்த்து 'ராஜகிருகம்' என்ற வீட்டைக் கட்டிக்கொண்டார். சொந்த வீடு என்பது நம் மக்களுக்கு ஆடம்பரம் கிடையாது. யாரும் வந்து வெளியே போ என்று சொல்ல முடியாத இடம் அது.

நூறாண்டு கழித்தும் திருப்பூரில் வாடகைக்கு வீடு தேடிப் போனால், முன்பணம் எவ்வளவு என்று நாம் கேட்பதற்கு முன்னால் "நீங்க என்ன ஆளுங்க?" என்ற கேள்வி வந்துவிடுகிறது. சாதி மறுப்புத் திருமணம் செய்த இணையருக்கு இன்னும் சிரமம். ஆகவே "கடன்பட்டாவது ஒரு வீடு" என்று நம் ஆட்கள் நினைப்பதை நான் குறை சொல்லப் போவதில்லை. அந்த வீட்டுக்கு உண்மையில் என்ன விலை கொடுக்கிறோம், ஒரே வீட்டுக்கு ஏன் ஒருவர் குறைவாகவும் இன்னொருவர் அதிகமாகவும் கொடுக்கிறார், இதைத்தான் பேச வந்திருக்கிறேன்.

முதலில் கணக்கு. தாளில் குறித்துக்கொள்ளுங்கள்.

பத்து லட்சம் ரூபாய் கடன். இருபது வருடம், அதாவது 240 மாதத் தவணை. வங்கியில் வட்டி 9 விழுக்காடு என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை சுமார் 8,997 ரூபாய். இருபது வருடத்தில் கட்டி முடிக்கும் மொத்தத் தொகை 21 லட்சத்து 59 ஆயிரம். வாங்கிய கடனைப் போல இரண்டு மடங்குக்கு மேல்.

அதே பத்து லட்சம், அதே இருபது வருடம். சம்பளச் சீட்டு இல்லாதவர்களுக்குக் கடன் தரும் வீட்டுக்கடன் கம்பெனியில் 14 விழுக்காடு. மாதத் தவணை 12,435 ரூபாய். மொத்தம் 29 லட்சத்து 84 ஆயிரம். அதே செங்கல், அதே சிமெண்ட். வித்தியாசம் 8 லட்சத்து 25 ஆயிரம்.

இது எப்படி நடக்கிறது? ஒவ்வொரு மாதமும் மிச்சமுள்ள அசலுக்கு முதலில் வட்டியை எடுத்துக்கொள்வார்கள். தவணையில் மீதி இருப்பதுதான் அசலுக்குப் போகும். 14 விழுக்காட்டுக் கடனில் முதல் மாதம் நீங்கள் கட்டும் 12,435 ரூபாயில் 11,667 ரூபாய் வட்டி. அசலில் கழிவது 768 ரூபாய். பத்து வருடம் ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டினால் 14 லட்சத்து 92 ஆயிரம் போயிருக்கும். பாதிக் காலம் முடிந்தது, பாதிக் கடனாவது தீர்ந்திருக்கும் என்று நினைத்துப் போய்க் கேட்டால், இன்னும் 8 லட்சம் பாக்கி என்பார்கள். கணக்கில் தவறு இருக்காது. கடனின் அமைப்பே அப்படித்தான்.

14 விழுக்காடு என்பது நம் ஊர்ப் பேச்சில் நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய் பதினேழு காசு வட்டி. தண்டலுக்கும் மீட்டர் வட்டிக்கும் பழகியவர்களுக்கு இது கொள்ளை மலிவாகத் தெரியும். வட்டியைப் பார்க்கிற கண் காலத்தைப் பார்க்கத் தவறுவது இங்கேதான்.

சரி, யாருக்கு 9, யாருக்கு 14?

வங்கியின் படிவத்தில் சாதி என்ற கட்டம் தேவையே இல்லை. அது கேட்கும் மூன்று காகிதங்களே போதும்.

முதல் காகிதம், வருமானம். திருப்பூரில் ஓவர்லாக் டைலராகவோ, செக்கிங்கிலோ, அயர்னிங்கிலோ, கைமடிக்கும் வேலையிலோ இருப்பவருக்குச் சனிக்கிழமை சம்பளம். பீஸ் ரேட். ஜாப் ஒர்க் யூனிட் என்றால் பல இடங்களில் பி.எஃப். கிடையாது, சம்பளச் சீட்டு கிடையாது. கணவனும் மனைவியும் ஒன்றரை ஷிப்ட் பார்த்துச் சம்பாதிக்கும் பணம் உண்மையானது. ஆனால் வங்கியின் பார்வையில் அப்படி ஒரு வருமானமே இல்லை.

இரண்டாவது காகிதம், பட்டா. 1891இல் செங்கல்பட்டு ஆட்சியர் டிரமன்ஹீர் கொடுத்த அறிக்கையை ஒட்டி 1892 முதல் ஒடுக்கப்பட்ட மக்களுக்கு ஒதுக்கப்பட்டவை பஞ்சமி நிலங்கள். சென்னை மாகாணம் முழுக்கச் சுமார் 12 லட்சம் ஏக்கர் என்பார்கள். அவற்றில் பெரும்பகுதி இன்று யார் கையில் இருக்கிறது என்று உங்களுக்கே தெரியும். பாட்டன் சொத்து வைத்திருப்பவன் வீட்டுமனைக்குக் கடன் வாங்க வேண்டியதில்லை. கட்டடத்துக்கு மட்டும் வாங்குவான், அல்லது வாங்கவே மாட்டான். நமக்கோ மனைக்கும் கடன், சுவருக்கும் கடன். அரசு கொடுத்த வீட்டுமனைப் பட்டா கையில் இருந்தாலும், குறிப்பிட்ட காலம் கைமாற்றக் கூடாது என்ற நிபந்தனை அதில் இருந்தால் வங்கி தயங்கும். நிலம் பறிபோகாமல் இருக்கப் போட்ட நிபந்தனை அது. அது வேண்டும். ஆனால் அந்தப் பட்டாவுக்கு நியாயமான வட்டியில் கடன் தரும் வழியையும் அரசுதானே உண்டாக்க வேண்டும்?

மூன்றாவது காகிதம், முகவரி. 'காலனி' என்ற சொல்லை அரசு ஆவணங்களிலிருந்து நீக்குவதாக 2025 ஏப்ரலில் சட்டமன்றத்தில் முதல்வர் ஸ்டாலின் அறிவித்தார். நல்ல அறிவிப்பு. ஆனால் ஆவணத்திலிருந்து சொல் போனாலும் சந்தை மதிப்பிலிருந்து சாதி போய்விடாது. ஊரில் ஒரு சென்டுக்கு ஒரு விலை, நம் தெருவில் ஒரு விலை. மதிப்பு குறைந்தால் கடனும் குறையும். மீதிக்கு நகை, கைமாற்று, குழு லோன்.

இப்படி மூன்று தலைமுறையாக மறுக்கப்பட்டதையெல்லாம் கூட்டி, 'ரிஸ்க்' என்று ஒரே சொல்லில் பெயர் வைத்து, நம்மிடமே ஐந்து விழுக்காடு கூடுதலாக வசூலிக்கிறார்கள். ஆதிக்கம் செய்தவன் கணக்கில் அது எழுதப்படுவதே இல்லை.

அடுத்து, 240 மாதங்களுக்கு வருவோம். தவணை அட்டவணை 240 மாதமும் ஒன்றுபோல இருக்கும் என்று நம்புகிறது. திருப்பூரில் அப்படி 240 மாதம் எப்போதாவது இருந்திருக்கிறதா?

2006 தொடக்கத்தில் இருபது வருடக் கடன் வாங்கியவரை எடுத்துக்கொள்ளுங்கள். 2008இல் உலகப் பொருளாதார நெருக்கடி, ஏற்றுமதி ஆர்டர் சரிந்தது. 2011 ஜனவரியில் நொய்யலைக் கெடுத்த கழிவுநீருக்காகச் சாயப்பட்டறைகளை மூட உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. கழிவைத் திறந்துவிட்டது முதலாளி, கூலி இழந்தது தொழிலாளி. 2016 நவம்பரில் பணமதிப்பிழப்பு. 2017இல் ஜி.எஸ்.டி. 2020இல் ஊரடங்கு. 2022இல் நூல் விலை உயர்வு. கடைசித் தவணைகள் கண்ணுக்குத் தெரியும் நேரத்தில், 2025 ஆகஸ்டில் அமெரிக்கா விதித்த 50 விழுக்காடு வரி. ஏழு இடி. அட்டவணையில் இவற்றில் ஒன்றுக்கும் இடம் கிடையாது.

ஊரடங்கில் ஆறு மாதம் தவணையைத் தள்ளிவைக்கலாம் என்றது ரிசர்வ் வங்கி. வட்டிக்கு வட்டி கூடாது என்று 2021 மார்ச்சில் உச்ச நீதிமன்றமும் சொன்னது. ஆனால் வட்டி ஓடிக்கொண்டுதான் இருந்தது. கடன் வாங்கிய புதிதில் ஒருவர் ஆறு மாதம் கட்டவில்லை, பிறகு அதே தவணையைத் தொடர்கிறார் என்றால், நாம் பார்த்த அந்த 9 விழுக்காட்டுக் கடனில் சுமார் 34 தவணைகள் கூடும். ஆறு மாத மூச்சுக்கு மூன்று லட்சம் ரூபாய் விலை.

வட்டி ஏறினாலும் இதே கதைதான். 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரைக்குள் ரெப்போ விகிதம் 4 விழுக்காட்டிலிருந்து 6.5 விழுக்காடாக ஏறியது. 7 விழுக்காட்டுக்கு வாங்கிய பத்து லட்சத்துக்குத் தவணை 7,753 ரூபாய். வட்டி 9.5 ஆனால், பத்து லட்சத்துக்கு மாத வட்டி மட்டுமே 7,917. தவணையை மாற்றாமல் காலத்தை மட்டும் நீட்டிக்கொண்டே போனால் நீங்கள் கட்டுவது வட்டிக்கே காணாது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிய மிதவை வட்டிக் கடன்களை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும். வீட்டுக்கடன் கம்பெனிகளுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. நம் ஆட்கள் அதிகம் போவது அங்கேதான்.

பணத்தில் எழுத முடியாத விலை ஒன்றும் இருக்கிறது. 1984இல் பஞ்சப்படி கேட்டு இந்த ஊர்ப் பனியன் தொழிலாளர்கள் 127 நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். இன்று அப்படி ஒரு போராட்டத்தை நினைத்துப் பாருங்கள். தவணை தவறி 90 நாள் ஆனால் கணக்கு வாராக்கடன். பிறகு 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ். அதற்குப் பிறகு நீதிமன்றத்தில் வழக்குப் போடாமலேயே வீட்டைக் கையகப்படுத்தும் வேலை தொடங்கலாம். நம் முன்னோர் போராடிய 127 நாளுக்குள் இன்றைய தொழிலாளியின் வீட்டுக் கதவில் நோட்டீஸ் ஒட்டப்பட்டிருக்கும். இதைக் கொத்தடிமை முறை என்று நான் சொல்லமாட்டேன், அந்தச் சொல்லுக்கு வேறு ரத்தம் இருக்கிறது. ஆனால் காண்ட்ராக்டர் கூலியைக் குறைக்கும்போது வாயைத் திறக்காமல் இருக்க வைப்பதில், மாதம் ஐந்தாம் தேதி பல சூப்பர்வைசர்களைவிடக் கெட்டிக்காரன்.

அப்படியென்றால் என்ன செய்வது? சில விஷயங்களை மனப்பாடமாக வைத்துக்கொள்ளுங்கள்.

கையெழுத்துப் போடுவதற்கு முன் முக்கிய விவர அறிக்கையைக் கேளுங்கள். 2024 அக்டோபர் முதல் புதிய கடன்களுக்கு இதைத் தர வேண்டும். வாங்குபவருக்குப் புரியும் மொழியில் தர வேண்டும். தமிழில் கேளுங்கள். அதில் ஏ.பி.ஆர். என்று ஓர் எண் இருக்கும். கட்டணங்களையும் சேர்த்த உண்மை வட்டி அதுதான். ஏஜென்ட் வாயால் சொல்லும் வட்டியை விட்டுவிட்டு இந்த எண்ணை ஒப்பிடுங்கள்.

கடனோடு காப்பீட்டைச் சேர்த்துவிடுவார்கள். அவர்கள் காட்டும் நிறுவனத்தில்தான் எடுக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. ஐம்பதாயிரம் ரூபாய் பிரீமியத்தை 14 விழுக்காட்டுக் கடனில் சேர்த்தால் இருபது வருடத்தில் அது ஒன்றரை லட்சம் ஆகும்.

மிதவை வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்ட தனிநபருக்கு அபராதம் கிடையாது. அந்த 14 விழுக்காட்டுக் கடனில் முதலிலிருந்தே மாதம் ஆயிரம் ரூபாய் சேர்த்துக் கட்டினால் ஐந்து வருடத்துக்கு மேல் குறையும், ஆறு லட்சத்துக்கு மேல் மிச்சமாகும். சீசனில் ஓவர்டைம் பணம் வரும்போது முதலில் இதை நினையுங்கள்.

வட்டி ஏறினால் தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று உங்களைக் கேட்க வேண்டும் என்பது 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி போட்ட உத்தரவு. கடன் முடிந்தால் 30 நாளுக்குள் மூலப் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும். அவர்கள் தாமதித்தால் ஒரு நாளைக்கு 5,000 ரூபாய் ஈடு. 60 நாள் நோட்டீஸ் வந்தால் பயந்து ஓடாதீர்கள். எழுத்தில் பதில் கொடுங்கள், அதற்கு 15 நாளில் அவர்கள் பதில் சொல்லியாக வேண்டும். அதற்கும் மேல் நடவடிக்கை எடுத்தால் 45 நாளுக்குள் கோவையில் உள்ள கடன் வசூல் தீர்ப்பாயத்தில் முறையிடலாம்.

இவை தனி ஆள் தற்காப்பு. தனி ஆள் கெட்டிக்காரத்தனத்தால் 14ஐ 9 ஆக்க முடியாது. அதற்கு அமைப்பாகத்தான் கேட்க வேண்டும். ஜாப் ஒர்க் யூனிட் உட்பட எல்லா இடத்திலும் சம்பளச் சீட்டும் பி.எஃப்.பும் வேண்டும். கூலிக் கோரிக்கை என்று இதை நினைக்கிறோம், வீட்டுக் கோரிக்கையும் இதுதான். நிபந்தனைப் பட்டாவுக்கு அரசு உத்தரவாதத்தோடு கூட்டுறவு வங்கியிலும் தாட்கோ மூலமாகவும் குறைந்த வட்டியில் கடன் வேண்டும். தொழில் முடங்கும் காலத்தில் தொழிலாளியின் வீட்டுக் கடனுக்கு வட்டி ஓடாத விடுப்பு வேண்டும். பஞ்சமி நிலம் மீட்கப்பட வேண்டும்.

கல்லூரி மாணவர்களுக்கு ஒரு வேலை. இன்று இரவு உங்கள் வீட்டுக் கடன் கணக்கு அறிக்கையை எடுத்து, இதுவரை கட்டியது எவ்வளவு, அசல் குறைந்தது எவ்வளவு என்று அம்மா, அப்பாவுக்குப் படித்துக் காட்டுங்கள். அவர்களைக் குற்றவாளி ஆக்காமல் படியுங்கள். பிறகு தெருவில் பத்து வீட்டுக் கணக்கைச் சேருங்கள். யாருக்கு எத்தனை விழுக்காடு, ஏன் என்று ஒரே தாளில் எழுதினால் போதும், நம் கோரிக்கை மனுவின் முதல் பக்கம் தயார்.

ஜெய்பீம்.