தன்னையே சுட்டும் நகை

பிறர் பிழையைக் கண்டு நகைத்தல் எளிது. தன் பிழையைத் தானே நகைப்பொருளாக்குதல் அரிது. ஸ்பானிய ஆசிரியர் செர்வாண்டிஸ் அதனைச் செய்து காட்டினார்.

1605ஆம் ஆண்டில் வெளிவந்த அவரது 'டொன் குயிக்சோட்' முதற் பாகத்தில், ஏவலாளன் சாஞ்சோவின் கழுதை களவு போகின்றது. அது மீண்டதாகக் கூறுமுன்னரே அவன் அதன்மீது ஏறிச் செல்கின்றான்! 1615இல் வந்த இரண்டாம் பாகத்தில், கதைமாந்தரே அந்த முதற் பாகத்தைப் பற்றி உரையாடுகின்றனர். கழுதையைப் பற்றி வினவியபோது சாஞ்சோ, "ஆசிரியர் தவறினாரோ, அச்சிட்டவர் தவறினாரோ" என்னும் கருத்துப்பட விடையிறுக்கின்றான்.

கதைக்குள் வாழ்வோர் தம் கதை நூலானதை அறியார் என்பதே வாசகர் எண்ணம். அவ்வரம்பு உடையும்போது நகை பிறக்கின்றது. ஆசிரியரின் பிழையும் சுவையாகின்றது.

1614இல் வேறொருவர் போலி இரண்டாம் பாகமொன்றை வெளியிட்டு, செர்வாண்டிஸின் முதுமையையும் போரில் ஊனமுற்ற கையையும் இகழ்ந்தார். போலி நூலின் நாயகன் சரகோசா நகருக்குச் சென்றிருந்தான். செர்வாண்டிஸின் நாயகனோ அந்நூலைப் பொய்யாக்கவென்றே அந்நகரை விலக்கிப் பார்சலோனாவுக்குச் செல்கின்றான்.

தன்னை நகைக்கத் தெரிந்தவரைப் பிறர் இகழ்ச்சி வெல்வதில்லை.