கெடு தாண்டின அப்பீலும் குத்தகை நிலமும்
(செவ்வாய்ப்பேட்டையில் நடந்த கூட்டமைப்பு ஆண்டு விழாவில் பேசியது)

நான் பத்தாவது வரைக்கும் படிச்சவள். எங்க வீட்டு வழக்குக்காக அலைஞ்சதில் தெரிஞ்சுகிட்டதைச் சொல்றேன்.

நம்மில் பல பேர் நெல்லு, மஞ்சள், மரவள்ளி போடுறது குத்தகை நிலத்தில்தான். நிலம் அடுத்தவங்க பேரில், பாடு நம்ம பேரில். நமக்கும் சட்டம் இருக்கு. 1955-ம் வருசத்து சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டப்படி, வருவாய் நீதிமன்ற உத்தரவு இல்லாமல் குத்தகைதாரரை வெளியேத்த முடியாது. தானோ தன் குடும்பத்து ஆளோ உடம்பால் உழைச்சுப் பயிர் செய்யணும், அவ்வளவுதான். குத்தகைதாரர் இறந்துட்டா, அதே நிலத்தில் உழைக்கிற வாரிசுக்கும் அந்த உரிமை உண்டு. புருசன் போனபின் காட்டில் பாடுபடுற பொண்ணும் குத்தகைதாரர்தான். 1969-ம் வருசத்துச் சட்டப்படி, தாசில்தார் வைக்கிற குத்தகை உரிமைப் பதிவேட்டிலும் பேரைச் சேர்க்கலாம்.

உரிமை இருந்தும் பல பேர் தோக்கிறது நாள் கணக்கில். சிவில் கோர்ட்டுத் தீர்ப்பு பாதகமா வந்தா, மாவட்டக் கோர்ட்டுக்கு அப்பீல் போக 30 நாள், ஐகோர்ட்டுக்கு 90 நாள். தீர்ப்பு நகலுக்கு மனுப் போட்டு, அது கைக்கு வர ஆகிற நாளைக் கழிச்சுக்கலாம். வருவாய் அதிகாரிகள் போடுற உத்தரவுக்குக் கெடு வேற. அதை உத்தரவு வந்த அன்னைக்கே கேட்டுக்கணும்.

கெடு தாண்டிட்டா எல்லாம் போச்சா? இல்லை. 1963-ம் வருசத்துக் காலவரையறைச் சட்டம் 5-ம் பிரிவில், போதுமான காரணம் காட்டினா தாமதத்தை மன்னிக்க கோர்ட்டுக்கு அதிகாரம் இருக்கு. 1998-ல் தமிழ்நாட்டில் இருந்து போன ஒரு சொத்து வழக்கில், 883 நாள் தாமதத்தை சுப்ரீம் கோர்ட்டு மன்னிச்சது. வக்கீல் கவனிக்காம விட்டதுதான் காரணம்னு அவர் காட்டினார். எத்தனை நாள்ங்கிறதைவிட, சொல்ற காரணம் ஏத்துக்கிற மாதிரி இருக்காங்கிறதுதான் முக்கியம்னு தீர்ப்பாச்சு. ஆனா எதிர்த்தரப்புக்கு 10,000 ரூபாய் செலவுத்தொகை கட்டச் சொன்னாங்க.

குத்தகை பாக்கி விசயத்திலும் இப்படி ஒண்ணு உண்டு. 1982-ம் வருசச் சட்டப் புத்தகங்களில் பதிவான நம்ம தமிழ்நாட்டுக் குத்தகை வழக்கு அது. தவணைக்குள் பாக்கி கட்டலைன்னா தானாவே வெளியேத்தம்னு முன்கூட்டியே உத்தரவு போடக் கூடாது, காரணம் இருந்தா தவணையை நீட்டலாம்னு சுப்ரீம் கோர்ட்டு சொல்லிச்சு.

இதை மட்டும் கேட்டு தைரியமா இருந்துடாதீங்க. சென்னைக்குத் தண்ணி தர்ற தெலுங்கு கங்கைத் திட்டத்துக்கு ஆந்திராவில் நிலம் எடுத்தாங்க. நிலம் கொடுத்தவர் இறந்துட்டார். இழப்பீட்டு வழக்கு 1999-ல் தள்ளுபடி ஆச்சு. வாரிசுகள் 5,659 நாள் கழிச்சு அப்பீல் போனாங்க. கல்யாணமாகி வேற வீட்டில் இருந்தேன், வழக்கே தெரியாதுன்னு ஒரு பெண் வாரிசு சொன்ன காரணத்தை 2024 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட்டு ஏத்துக்கலை. இதைக் கேட்டப்போ எனக்கு வயிறு கலங்கிடுச்சு. நம்மில் எத்தனை பேருக்கு அப்பா வீட்டு வழக்கு என்னாச்சுன்னு தெரியும்?

எங்க வீட்டுக் கதைக்கு வர்றேன். ரெண்டு ஏக்கர் குத்தகை. மாமனார் பக்கவாதத்தில் படுத்துகிட்டு இருந்தப்போ தீர்ப்பு பாதகமா வந்துச்சு. எங்களுக்கு ஒருத்தரும் தகவல் சொல்லலை. தெரிய வந்தப்போ ஏழு மாசம் ஓடிப்போச்சு. அதுக்குள் மாமனாரும் காலமாயிட்டார். வக்கீலம்மா, "காரணம் வாயால் சொன்னா போதாது, காகிதம் வேணும்"னாங்க. எங்க அத்தை ரேஷன் கார்டுப் பையில் ஆஸ்பத்திரிச் சீட்டு, மருந்துக்கடை ரசீது, குத்தகை நெல் அளந்த துண்டுச்சீட்டு எல்லாத்தையும் முடிஞ்சு வெச்சிருந்தாங்க. எழுதப் படிக்கத் தெரியாத அத்தை வெச்ச காகிதம்தான் இன்னைக்கு எங்க மன்னிப்பு மனுவுக்குச் சாட்சி. மனு விசாரணையில் இருக்கு. ஜெயிப்போமோ என்னவோ, கேக்கிற வாசல் திறந்திருக்கு.

அதனால் மூணு காரியம் கேட்டுக்கறேன். குத்தகை கொடுத்தா அன்னைக்கே ரசீது வாங்குங்க. கோர்ட்டுக் கடுதாசி வந்தா, வந்த தேதியை மேலேயே எழுதி வெச்சுட்டு, தீர்ப்பு நகலுக்கு உடனே மனுப் போடுங்க. பணம் இல்லைன்னு நாளைத் தள்ளாதீங்க. 1987-ம் வருசச் சட்டப்படி, பொண்ணுங்களுக்கு வருமானம் பாக்காம இலவச வக்கீல் உண்டு. அஸ்தம்பட்டி கோர்ட்டு வளாகத்தில் சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கு. 15100-க்குப் போன் போட்டும் கேக்கலாம்.

நம்ம குழுக் கூட்டத்தில் சேமிப்பு, கடன் தவணை எல்லாம் கேக்கறோம். அதோட "யார் வீட்டிலாவது கோர்ட்டுக் கடுதாசி வந்துச்சா, கெடு என்னைக்கு?"ன்னு ஒரு கேள்வியும் கேட்டு, தீர்மான நோட்டில் எழுதலாம். கடன் தவணையை ஒரு நாள் தப்பவிடாத நமக்கு இந்தத் தவணையும் தப்பாது.