நிலப் பதிவேட்டிலிருந்து மேயர் இருக்கைக்கு: தோழர் ரெனாட்டோ ஸாங்கேரி

(கட்சிக் கல்வி வகுப்பில் நிகழ்த்தப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)



இத்தாலியின் பொலோனியா நகரை 1945 முதல் கம்யூனிஸ்டுகளே நிர்வகித்து வந்தனர். 1970இல் அந்நகரின் மேயராகப் பொறுப்பேற்ற ரெனாட்டோ ஸாங்கேரி ஒரு வரலாற்றாசிரியர். 1925இல் ரிமினி நகரில் பிறந்தவர். பொலோனியா பல்கலைக்கழகப் பேராசிரியர். 1789, 1835 ஆகிய ஆண்டுகளின் நிலவரிப் பதிவேடுகளை ஒப்பிட்டு, பிரபுக்களிடமும் திருச்சபையிடமும் குவிந்திருந்த பொலோனியச் சமவெளி நிலம் எவ்வாறு புதிய உடைமை வர்க்கத்தின் கைக்கு மாறியது என்பதை ஆராய்ந்தவர். சொத்து யாருடையது என்று பழைய ஏடுகளிடம் கேட்டவர், மேயரான பின் அதே கேள்வியை நகரத்தின் முன் வைத்தார்.

நகரின் நடுவே, தூண் தாழ்வாரங்கள் நிறைந்த பழைய குடியிருப்புகள் சிதைந்து கொண்டிருந்தன. மற்ற நகரங்களில் இத்தகைய பகுதிகளைச் சீரமைத்தால் வாடகை உயரும். தொழிலாளர் புறநகருக்குத் துரத்தப்படுவர். கட்டடக் கலைஞர் செர்வெல்லாட்டி வகுத்து, ஸாங்கேரியின் நிர்வாகம் 1973இல் ஏற்ற திட்டமோ கட்டடத்தோடு குடியிருப்போரையும் காக்க முனைந்தது. பொது வீட்டுவசதிக்கான நிதியைப் பழைய வீடுகளைப் புதுப்பிக்கச் செலவிடுவது என்பது அன்று புதுமை. தனியார் வீடுகளைக் கையகப்படுத்தும் யோசனைக்குச் சிறு உடைமையாளரிடமிருந்தும் எதிர்ப்பு எழவே, நகராட்சி பின்வாங்கி, மானியம் பெறும் உரிமையாளர் வாடகையைக் கட்டுக்குள் வைக்கவேண்டும் என்ற உடன்படிக்கை முறைக்கு மாறியது. சிலர் இதைச் சமரசம் என்பர். சிறு உடைமையாளரைப் பகைத்துக்கொள்ளாமல் குடியிருப்போரைக் காக்க அன்று வேறு வழி எளிதாக இருக்கவில்லை. அதே 1973இல் வேலைக்குச் செல்லும், திரும்பும் நேரங்களில் நகரப் பேருந்துகளில் கட்டணம் நீக்கப்பட்டது. "சிவப்பு பொலோனியா" உலகெங்கும் பேசப்பட்டது.

ஆனால் 1977 மார்ச் 11 அன்று அந்தப் பெருமை குலுங்கியது. பல்கலைக்கழகப் பகுதியில் நடந்த மோதலில் பிரான்செஸ்கோ லொருஸ்ஸோ என்ற மாணவர் துப்பாக்கிச் சூட்டில் கொல்லப்பட்டார். அடுத்த நாட்களில் உள்துறை அமைச்சர் கொஸ்ஸிகா கவச வாகனங்களை நகருக்குள் அனுப்பினார். அப்போது கட்சி, மத்தியில் ஆண்ட்ரியோட்டி அரசு கவிழாமல் இருக்க வாக்கெடுப்பில் விலகி நின்று உதவி வந்தது. வேலையின்மையிலும் வாடகைச் சுமையிலும் தவித்த இளைஞர்களின் கண்ணுக்கு, மக்கள் மேயர் அரசு ஒழுங்கின் காவலராகத் தெரிந்தார். அவர் பெயரைக் கேலி செய்யும் முழக்கங்கள் எழுந்தன. வன்முறையைக் கண்டிப்பதில் ஸாங்கேரி உறுதியாக இருந்தார், அது சரியே. எனினும் நகரின் ஒவ்வொரு வட்டாரத்திலும் மன்றம் அமைத்து மக்களின் குரலைக் கேட்ட நிர்வாகம், வெளியூரிலிருந்து படிக்க வந்து அறைக்காக அலைந்த மாணவனைக் குடிமகனாக எண்ண மறந்துவிட்டது. இந்தக் குறையைத் தோழமையோடு, ஆனால் ஒளிக்காமல் பேசவேண்டும். அடக்குமுறையை எதிர்த்து அவ்வாண்டு செப்டம்பரில் பல்லாயிரம் இளைஞர் அங்கே கூடியபோது, நகரம் அவர்களுக்குக் கதவடைக்கவில்லை என்பதையும் சேர்த்தே சொல்லவேண்டும்.

1980 ஆகஸ்ட் 2, காலை 10.25 மணி. ரயில் நிலையக் காத்திருப்பறையில் நவபாசிஸ்டுகள் வைத்த குண்டு 85 உயிர்களைப் பறித்தது. 200க்கும் மேற்பட்டோர் காயமுற்றனர். 37ஆம் எண் நகரப் பேருந்து சடலங்களைச் சுமந்தது. நான்கு நாட்களுக்குப் பின் இறுதி அஞ்சலிக்குத் திரண்ட மக்கள் அரசின் தலைவர்களைச் சீழ்க்கையடித்து வெறுத்தனர். குடியரசுத் தலைவர் பெர்த்தினியையும் தங்கள் மேயரையும் கைதட்டி ஏற்றனர். நகரத்தின் சார்பில் அன்று பேசியவர் ஸாங்கேரி.

1983இல் மேயர் பதவியிலிருந்து விலகி நாடாளுமன்றம் சென்றார்; அங்கே கட்சிக் குழுவின் தலைவராகவும் இருந்தார். கட்சி கலைந்த பின்னும் அவர் எழுத்து நிற்கவில்லை. இத்தாலியச் சோஷலிச இயக்கத்தின் வரலாற்றை இரு தொகுதிகளாக 1990களில் வெளியிட்டார். 2015 ஆகஸ்ட் 6 அன்று இமோலாவில் காலமானார்.