காணி இல்லாதவர் எந்த ஊருக்குத் திரும்புவது?



கே. டேனியலின் 'பஞ்சமர்' நாவலைச் சேலத்திலும் நாமக்கல்லிலும் இருந்து படித்த நாம், அதை வெளியூர்க் கதையாகப் படிக்கவில்லை. அந்தக் கிணறும் கோயில் வாசலும் நமக்குத் தெரிந்தவை. 1986-இல் தஞ்சாவூரில் மறைந்த டேனியல் பார்க்காத யாழ்ப்பாணத்தைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறோம்.

2009 மே மாதம் போர் முடிந்தது. 2014-இல் யாழ்ப்பாணத்துக்கு மீண்டும் ரயில் ஓடியது. இந்திய அரசு 50,000 வீடுகளுக்கு உதவியது. வடக்கிலும் கிழக்கிலும் வீடு கட்டும் குடும்பத்துக்கு இலங்கைப் பணம் ஐந்தரை லட்சம்; வேலை நடக்க நடக்கத் தவணையாக வங்கிக் கணக்கில் வந்தது. நல்ல ஏற்பாடுதான். ஆனால் கடைக்கால் தோண்டச் சொந்தக் காணி வேண்டுமே!

1990-இல் வலிகாமம் வடக்கிலிருந்து இடம்பெயர்ந்தவர்களில் பலர், போர் முடிந்து பல ஆண்டுகள் கழித்தும் முகாம்களிலேயே இருந்தார்கள். காணி உள்ளவர் ராணுவம் விட்டதும் திரும்பினார். வெளிநாட்டில் பிள்ளைகள் இருந்தவர் வேறு இடம் வாங்கினார். பிறர் காணியில் குடியிருந்து கூலிக்குப் போனவருக்குத் திரும்ப இடமே இல்லை. கடைசிவரை முகாமில் தங்கியவர்களில் பெரும்பாலோர் ஒடுக்கப்பட்ட சாதியினர். குண்டு சாதி பார்த்து விழவில்லை என்பார்கள். சரிதான். காணி உறுதி சாதி பார்த்துத்தான் எழுதப்பட்டிருந்தது.

நம் பக்கத்திலும் இலங்கைத் தமிழர் முகாம்கள் இருக்கின்றன. 2021-இல் அவற்றுக்கு மறுவாழ்வு முகாம் என்று பெயர் மாற்றினார்கள். அங்கே பெயிண்ட் வேலைக்குப் போகிறவரின் தாயிடம், "எப்பம்மா ஊருக்குப் போவீங்க?" என்று கேட்டோம். "அங்க எங்களுக்கு என்ன காணி கிடக்கு, தம்பி?" என்றார். கேட்டதற்காக வெட்கப்பட்டோம். நம் தெருவில் அந்தக் கேள்வியை நாம் கேட்டுக்கொண்டதுண்டா?

தொகுப்பு வீட்டுக்கு மனு கொடுத்தால் முதலில் பட்டா கேட்கிறார்கள். 1892-இல் ஆங்கில அரசு நமக்கென்று ஒப்புக்கொண்ட பஞ்சமி நிலத்தில் எவ்வளவோ இன்று பிறர் கையில். நமக்குப் போர் நடக்கவில்லை. நிலம் மட்டும் போய்விட்டது.

மறைந்த தோழருக்குப் பூமாலை போதாது. இந்த ஆண்டு நம் ஊர்களில் பட்டா இல்லாத வீடுகளைத் தெருத்தெருவாக எண்ணுவோம். முகாமில் இருக்கும் வீடுகளையும் விடாமல் எண்ணுவோம். அந்தக் கணக்கோடு அடுத்த ஆண்டு இதே அரங்கில் கூடுவோம்.