மார்கழியில் ஓர் அனல்

மார்கழிக் குளிரில் வாசலில் கோலம் போடும் பெண்ணுக்குத் திடீரென முகமும் கழுத்தும் தகிக்கும். வியர்வை கொட்டும். சில நிமிடங்களில் அடங்கிவிடும்.

காரணம் ஈஸ்ட்ரோஜன். சினைப்பை சுரக்கும் இந்த ஹார்மோன், நாற்பதைத் தாண்டியதும் ஏறி இறங்கி, கடைசியில் வெகுவாகக் குறைகிறது. பிட்யூட்டரி சுரப்பி, சினைப்பையைத் தூண்டும் எஃப்.எஸ்.எச். ஹார்மோனைக் கூட்டி அனுப்பிப் பார்க்கும், சினைப்பை அசைந்துகொடுக்காது. மூளையின் வெப்பக் கட்டுப்பாடும் தடுமாறும். அதுதான் அந்த அனல்.

தொடர்ந்து 12 மாதங்கள் மாதவிலக்கு வராவிட்டால் அது மெனோபாஸ். இந்தியப் பெண்களுக்குச் சராசரியாக 46, 47 வயதில் வருகிறது.

அனல் நாளடைவில் தணியும். ஈஸ்ட்ரோஜன் குறைவால் வரும் எலும்புத் தேய்மானமோ சத்தமில்லாமல் தொடரும். கெட்ட கொழுப்பும் கூடும். கேழ்வரகு, எள், தினசரி நடை கைகொடுக்கும். மாதவிலக்கு நின்று ஓராண்டு கழித்து ஒரு சொட்டு ரத்தம் பட்டாலும், தள்ளிப்போடாமல் மகளிர் நல மருத்துவரைப் பாருங்கள்.