மூளையைத் தின்னும் விஷங்கள்

(ஆலைத் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கூடிய படிப்பு வகுப்பில் ஆற்றிய உரை)



நம் ஊர்களில் ஒரு மனிதனுக்குப் புத்தி பேதலித்துவிட்டால் மூன்று காரணங்கள்தான் சொல்வார்கள். ஒன்று, பேய் பிடித்துவிட்டது. இரண்டு, தலையெழுத்து. மூன்று, குடித்துக் கெட்டான். அவன் என்ன வேலை செய்தான், எதைச் சுவாசித்தான், எதைக் கையால் அள்ளினான் என்று ஒருவரும் கேட்பதில்லை. மாட்டுக்கு வயிறு உப்பினால், "எந்தக் கொல்லையில் மேய்ந்தது?" என்று கேட்கிறோம். மனிதனுக்கு அந்தக் கேள்வி கிடையாது. இன்று நாம் பேச வேண்டியது அந்தக் கேள்வியைப் பற்றித்தான்.

மனநோய் எல்லாமே விஷத்தால் வருவதென்று நான் சொல்லவில்லை. வம்ச வழியாக வருவது உண்டு. தலையில் அடிபட்டு வருவது உண்டு. மூளைக் காய்ச்சலால் வருவது உண்டு. கடனாலும் துக்கத்தாலும் மனம் உடைவதும் உண்டு. ஆனால் வேலை செய்யும் இடத்திலிருந்தே வருகிற கேடு ஒன்று இருக்கிறது. அது மனிதன் உண்டாக்கியது. ஆகையால் மனிதனால் நிறுத்தக் கூடியது. அதைத் தெரிந்துகொள்வது நமக்கு அவசியம்.

மூளை என்பது என்ன?

மூளையின் எடை சுமார் 1,400 கிராம். நம் உடம்பு எடையில் நூற்றுக்கு இரண்டு பங்குதான். ஆனால் நாம் இழுக்கிற பிராணவாயுவில் நூற்றுக்கு இருபது பங்கை அதுவே எடுத்துக்கொள்கிறது. அதற்குள்ளே சுமார் 8,600 கோடி நரம்பணுக்கள் இருக்கின்றன. நடப்பது, பேசுவது, பிள்ளையைப் பார்த்துச் சிரிப்பது, கூலியைக் கணக்குப் பார்ப்பது, கோபம் வந்தால் அடக்கிக்கொள்வது எல்லாம் இந்த அணுக்கள் ஒன்றுக்கொன்று அனுப்புகிற சேதிகளால் நடப்பவை. மனசு என்று நாம் சொல்வது ஆகாயத்தில் இல்லை. அது இந்த மூளை செய்கிற வேலை.

ரத்த ஓட்டம் நின்றால் சில வினாடிகளில் நினைவு தப்பும். நாலைந்து நிமிஷத்தில் அணுக்கள் சாகத் தொடங்கும். ஸ்பின்னிங்கில் நூல் அறுந்தால் நொடியில் பிணைத்துவிடுகிறோம். மூளையில் செத்துப்போன நரம்பணுவைப் பிணைக்க எந்தக் கைகாரனும் கிடையாது. தோலில் காயம் பட்டால் புதுத் தோல் வளரும். மூளையில் அப்படி வளர்வதில்லை. மற்ற அணுக்கள் ஓரளவு அந்த வேலையை ஏற்றுக்கொள்ளலாம், அவ்வளவுதான்.

ரத்தத்தில் வருகிற கண்டதும் மூளைக்குள் நுழைந்துவிடாதபடி உடம்பில் இயற்கையாக ஒரு காவல் உண்டு. ஆனால் மூளையில் கொழுப்பு மிக அதிகம். கொழுப்பில் கரைகிற விஷங்கள் இந்தக் காவலைத் தாண்டிச் சுலபமாக உள்ளே போய்விடுகின்றன. பாதரச ஆவி போகும். பெட்ரோலில் கலந்த ஈயம் போகும். ரேயான் ஆலையின் திராவகம் போகும். இந்த மூன்றும் தொழிலாளியை என்ன செய்தன என்று பார்ப்போம்.

தொப்பிக்காரர்களும் தெர்மாமீட்டர்காரர்களும்

இங்கிலாந்திலும் பிரான்சிலும் பிறகு அமெரிக்காவிலும் முயல் ரோமத்தில் கம்பளித் தொப்பி செய்தார்கள். ரோமம் ஒன்றோடொன்று பின்னிக்கொள்வதற்காகப் பாதரச உப்பைத் தடவினார்கள். ஆவி பறக்கும் அறையில் நாள் முழுதும் வேலை. சில வருஷங்களில் தொப்பிக்காரனுக்குக் கை நடுங்கும். தூக்கம் வராது. நாலு பேரைக் கண்டால் கூசி ஒதுங்குவான். திடீரென்று சீறி விழுவான். ஊரார் சிரித்தார்கள். தொப்பிக்காரன் மாதிரிப் பைத்தியம் என்று ஆங்கிலத்தில் ஒரு சொலவடையே உண்டு. நோயைப் பழமொழியாக்கிவிட்டார்கள், வேலையை மட்டும் மாற்றவில்லை. அமெரிக்காவில் இந்தப் பாதரசம் நிறுத்தப்பட்டது 1941-ல்தான்.

இது சீமைக் கதை என்று இருந்துவிடாதீர்கள். அமெரிக்காவின் வாட்டர்டவுனில் இருந்த ஒரு தெர்மாமீட்டர் தொழிற்சாலை 1980-களில் நம் கொடைக்கானலுக்கு வந்து சேர்ந்தது. பின்னர் அது இந்துஸ்தான் லீவர் கம்பெனியின் கைக்குப் போயிற்று. பாதரசம் கலந்த உடைந்த கண்ணாடி பழைய சாமான் கடையில் குவிந்து கிடந்ததை 2001 மார்ச்சில் உள்ளூர் ஜனங்கள் அம்பலப்படுத்தினார்கள். ஆலை மூடப்பட்டது. தங்களுக்கு நேர்ந்த நோய்களைச் சொல்லித் தொழிலாளர்கள் பதினைந்து வருஷம் போராடினார்கள். கடைசியில் 2016-ல் 591 முன்னாள் தொழிலாளர்கள் விஷயத்தில் கம்பெனி சமரசத் தொகை கொடுக்க ஒப்புக்கொண்டது. ஆனால் குற்றத்தை ஒப்புக்கொள்ளவில்லை. பணம் கொடுப்பார்கள், பழியை ஏற்க மாட்டார்கள்.

பைத்திய வாயுக் கட்டிடம்

அடுத்தது ஈயம். மோட்டார் எஞ்சின் இடிக்காமல் ஓடுவதற்காகப் பெட்ரோலில் ஒரு ஈயக் கலவையைச் சேர்க்கலாம் என்று 1921-ல் அமெரிக்காவில் கண்டுபிடித்தார்கள். நியூ ஜெர்சியில் ஸ்டாண்டர்டு ஆயில் கம்பெனியின் ஒரு கட்டிடத்தில் அதைத் தயாரித்தார்கள். அதற்குத் தொழிலாளர்களே பைத்திய வாயுக் கட்டிடம் என்று பெயர் வைத்திருந்தார்கள். கம்பெனிக்குத் தெரியாத எதுவும் அந்தப் பெயரில் இல்லை.

1924 அக்டோபரில் அங்கே தொழிலாளர்கள் ஒருவர்பின் ஒருவராகப் பித்துப் பிடித்து அலறினார்கள். கட்டிப்போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனார்கள். ஐந்து பேர் மாண்டார்கள். 30-க்கும் மேற்பட்டவர்கள் படுக்கையில் விழுந்தார்கள். கம்பெனித் தரப்பில் பத்திரிகைக்குச் சொன்னது என்ன தெரியுமா? அவர்கள் அளவுக்கு மீறி உழைத்ததால் புத்தி கெட்டிருக்கலாம் என்றார்கள். கேட்டீர்களா நியாயத்தை! அளவுக்கு மீறி உழைக்க வைத்தது யார்?

அந்தக் கலவையைக் கண்டுபிடித்த மிட்ஜ்லி என்பவர் பத்திரிகைக்காரர்களைக் கூட்டி, அதைக் கையில் ஊற்றிக் காட்டி, ஒரு நிமிஷம் முகர்ந்தும் காட்டினார். ஆபத்தே இல்லை என்றார். ஆனால் முந்திய வருஷம்தான் அவரே ஈய விஷம் ஏறி, வேலையை விட்டு ஓய்வெடுத்து வந்திருந்தார்!

ஆலிஸ் ஹாமில்டன் என்ற பெண் டாக்டர் இதை எதிர்த்துப் பேசினார். அவர் ஆலை ஆலையாகப் போய், தொழிலாளிகளின் வீடு வீடாகப் போய் விசாரித்தவர். அவருடைய பேச்சு எடுபடவில்லை. ஈயப் பெட்ரோல் உலகமெங்கும் ஓடியது. இந்தியாவில் அது 2000-ல் நின்றது. உலகத்தின் கடைசி நாட்டில் நின்றது 2021-ல். ஒரு கட்டிடத்தின் தொழிலாளர்கள் 1924-ல் தங்கள் உடம்பால் சொன்ன உண்மையை உலகம் ஏற்றுக்கொள்ள 97 வருஷம் ஆயிற்று.

ஈயம் இன்னும் போய்விடவில்லை. பழைய பாட்டரியை உடைத்து உருக்கும் இடங்களில் இருக்கிறது. உலகில் மூன்றில் ஒரு குழந்தையின் ரத்தத்தில், சுமார் 80 கோடிக் குழந்தைகளிடம், கவலைப்பட வேண்டிய அளவு ஈயம் இருப்பதாக யூனிசெப் ஸ்தாபனம் 2020-ல் கணக்குக் கொடுத்தது. குழந்தையின் மூளை வளர்கிற மூளை. அதில் ஈயம் சேர்ந்தால் படிப்பு ஏறாது, நிதானம் நிற்காது. அப்புறம் நாம் பிள்ளையை மக்கு என்று அடிப்போம்.

ஊர் ஊராகப் போன யந்திரம்

மூன்றாவது, ரேயான். விஸ்கோஸ் நூல் என்றால் நம் தோழர்களுக்குத் தெரியும். மரக்கூழைக் கரைத்து நூலாக இழுப்பதற்குக் கார்பன் டை சல்பைடு என்ற திராவகம் வேண்டும். திறந்து வைத்தால் ஆவியாகிவிடும். ரேயான் வருவதற்கு முன்பே, 1856-ல், பாரிஸ் நகரில் டெல்பெஷ் என்ற டாக்டர் இதை எழுதி வைத்தார். ரப்பர் வேலையில் இந்தத் திராவகத்தைப் பயன்படுத்தியவர்களுக்குத் தலைவலி, காரணமில்லாத கோபம், அப்புறம் மறதி, சோர்வு, கை கால் தளர்ச்சி. ரப்பர் ஆலை ஒன்றில், பித்தேறிய தொழிலாளர்கள் குதித்துவிடாதபடி மாடி ஜன்னலுக்கு இரும்புக் கம்பி போட்டிருந்தார்கள் என்று தாமஸ் ஆலிவர் என்ற இங்கிலாந்து டாக்டர் 1902-ல் எழுதினார். திராவகத்துக்கு மூடி போடவில்லை. ஜன்னலுக்குக் கம்பி போட்டார்கள்!

1930-களில் ஆலிஸ் ஹாமில்டன் அமெரிக்க ரேயான் ஆலைகளை விசாரித்தார். தொழிலாளிகள் சிலரைப் பைத்தியக்கார ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். அவர்களுக்கு நோய் வந்தது வேலையால் என்று அங்கே யாரும் கேட்டுப் பார்த்திருக்கவில்லை.

அப்புறம் நடந்ததைப் பாருங்கள். ஜப்பானில் ஓடிய பழைய ரேயான் யந்திரங்களை 1960-களில் தென் கொரியாவுக்கு விற்றார்கள். அங்கே வொன்ஜின் ரேயான் என்ற ஆலை நடந்தது. தொழிலாளர்களுக்குப் பக்கவாதம் வந்தது, பேச்சுக் குழறியது, மனம் பேதலித்தது. 1988 முதல் தொழிலாளர்களும் குடும்பத்தாரும் டாக்டர்களும் சேர்ந்து வெளியே கொண்டு வந்தார்கள். 1993-ல் ஆலை மூடப்பட்டது. 900-க்கும் மேற்பட்டவர்கள் இந்த விஷத்தால் பாதிக்கப்பட்டவர்கள் என்று ஒப்புக்கொள்ளப்பட்டது. நோயாளிகளுக்காகத் தனி ஆஸ்பத்திரியே எழுந்தது. அது போராட்டத்தின் பலன். யந்திரம் என்னவாயிற்று? சீனாவுக்கு விற்றுவிட்டார்கள்.

வாட்டர்டவுனிலிருந்து கொடைக்கானல். ஜப்பானிலிருந்து கொரியா, கொரியாவிலிருந்து சீனா. விஷம் எங்கே போகிறது? கூலி குறைந்த இடத்துக்கு, கேள்வி கேட்பவன் இல்லாத இடத்துக்குப் போகிறது. தண்ணீர் பள்ளத்தை நாடுகிற மாதிரி.

வயலில் தெளிக்கிற மருந்து

ஆலைக் கதை நமக்கெதற்கு என்று விவசாயத் தோழர்கள் நினைக்கலாம். உங்கள் முதுகில் தொங்குகிற டப்பாவிலும் நரம்பு விஷம் இருக்கிறது.

1936-ல் ஜெர்மனியில் ஷ்ராடர் என்ற ரசாயன நிபுணர் பூச்சி மருந்து தேடியபோது ஒரு பொருளைக் கண்டார். அது பூச்சியோடு மனிதனையும் கொல்லும் என்று தெரிந்தது. அதைப் போர்வாயுவாக ஹிட்லர் ராணுவம் எடுத்துக்கொண்டது. அதே வம்சத்தில் வந்தவைதான் நாம் தெளிக்கிற பாஸ்பரஸ் வகைப் பூச்சிமருந்துகள் பல.

நரம்பிலிருந்து தசைக்குச் சேதி போனதும் அந்தச் சேதியை அழிப்பதற்கு உடம்பில் ஒரு சத்து உண்டு. இந்த விஷம் அந்தச் சத்தை முடக்கிவிடுகிறது. சேதி நிற்காமல் அடித்துக்கொண்டே இருக்கும். கண்ணில் நீர், வாயில் எச்சில், உடம்பெல்லாம் வேர்வை, கண்மணி சுருங்குதல், வாந்தி, தசைத் துடிப்பு, கடைசியில் மூச்சுத் திணறல். வெயில் தாக்கியது என்று மரத்தடியில் படுக்க வைத்துவிடாதீர்கள். சட்டையைக் கழற்றுங்கள், சோப்புப் போட்டுக் கழுவுங்கள், மருந்துப் புட்டியையும் எடுத்துக்கொண்டு உடனே ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள். புட்டியைப் பார்த்தால்தான் டாக்டருக்கு எந்த விஷம் என்று தெரியும். இதற்கு மாற்று மருந்து உண்டு. தாமதம்தான் கொல்கிறது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். கடன் நெருக்கியபோது, மானம் போனது என்று தோன்றியபோது, வீட்டு மூலையிலிருக்கும் இந்தப் புட்டியே எமனாகிவிடுகிறது. இலங்கையில் நடந்ததைக் கேளுங்கள். கடும் விஷமான பூச்சிமருந்துகளை 1995-லும், எண்டோசல்பானை 1998-லும் தடை செய்தார்கள். பத்து வருஷத்தில் தற்கொலைச் சாவு விகிதம் ஏறக்குறையப் பாதியாகக் குறைந்தது. துக்கம் பாதியாகிவிடவில்லை. கைக்கெட்டிய இடத்தில் கடும் விஷம் இல்லாமல் போனது, அந்தக் கெட்ட நேரம் கடந்து போனது, மனிதன் பிழைத்தான். அந்த நேரத்தைத் தாண்டியவர்களில் மிகப் பெரும்பாலோர் அப்புறம் வாழ்ந்துவிடுகிறார்கள். ஆகையால் மருந்தை வீட்டில் வைக்காதீர்கள். பூட்டி வையுங்கள், சாவி வேறொருவரிடம் இருக்கட்டும்.

சங்கிலி வைத்தியம் ஆகாது

புத்தி பேதலித்தவனை என்ன செய்கிறோம்? கட்டிப்போடுகிறோம். 2001 ஆகஸ்ட் 6-ந் தேதி விடியற்காலை ராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில் ஒரு தனியார் மனநோய் விடுதி தீப்பிடித்தது. உள்ளே இருந்தவர்கள் சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்தார்கள். தப்பி ஓட முடியவில்லை. 28 பேர் கருகி மாண்டார்கள். அவர்களை அங்கே கொண்டு வந்து விட்டவர்களில் பலர் கொடியவர்கள் அல்ல. அருகில் வைத்தியமும் இல்லை, கையில் காசும் இல்லை, வேறு வழி தெரியாத ஏழைகள்.

2017-ம் ஆண்டின் மனநலப் பாதுகாப்புச் சட்டம் சங்கிலி போடுவதைத் தடை செய்கிறது. சர்க்கார் செலவில் நடக்கும் ஆஸ்பத்திரிகளில் மனநோய்க்கு வைத்தியம் பெறுவது உரிமை என்கிறது. உயிரை விட முயன்றவனைத் தண்டிப்பதற்கு மாறாக, அவனுக்குப் பராமரிப்புத் தர வேண்டும் என்கிறது. 14416 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் இரவு பகல் எந்நேரமும் தமிழிலேயே, காசில்லாமல், ஆலோசனை கேட்கலாம். இதை உங்கள் தெருவில் எல்லோருக்கும் சொல்லுங்கள்.

நாம் செய்ய வேண்டியது

ஒன்று. வேலையில் எந்த ரசாயனம் புழங்குகிறது என்று பெயர் கேளுங்கள். மருந்து என்றோ ஆயில் என்றோ சொன்னால் விடாதீர்கள். பீப்பாயில் ஒட்டிய சீட்டை எழுதிக்கொள்ளுங்கள்.

இரண்டு. ஒரே இலாகாவில் இரண்டு மூன்று பேருக்குக் கை நடுக்கம், மறதி, தூக்கமின்மை, காரணமில்லாத கோபம் என்றால் அது வீட்டுச் சண்டையல்ல. பெயர், தேதி, இலாகா எல்லாம் நோட்டில் குறித்துச் சங்கத்தில் வையுங்கள். தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம் 1923-லேயே வந்தது. ஈயம், பாதரசம், கார்பன் டை சல்பைடு ஆகியவற்றால் வரும் நோய்கள் தொழில் நோய்களின் பட்டியலில் இடம் பெற்றன. ஆனால் கம்பெனி சாட்சி கேட்கும். அந்த நோட்டுத்தான் சாட்சி.

மூன்று. முகமூடியும் கையுறையும் கேளுங்கள். ஆனால் அத்தோடு திருப்தியடையாதீர்கள். விஷத்தை மூடிய குழாயில் ஓட விடுவது, காற்றை வெளியே இழுப்பது, குறைந்த விஷத்துக்கு மாறுவது, இவையே முதல் கோரிக்கை. மனிதனுக்கு முகமூடி போடுவதற்கு முன் விஷத்துக்கு மூடி போட வேண்டும்.

நான்கு. வயலில் காற்றுக்கு எதிரே நின்று தெளிக்காதீர்கள். கை கழுவாமல் சோறு தொடாதீர்கள், பீடி பற்ற வைக்காதீர்கள். தெளித்த சட்டையைப் பிள்ளைகள் துணியோடு துவைக்காதீர்கள். காலி டப்பாவில் தண்ணீர் மொள்ளாதீர்கள். கர்ப்பிணிப் பெண்களைத் தெளிப்பு வேலைக்கு விடாதீர்கள்.

ஐந்து. பக்கத்து வீட்டுக்காரன் பேசாமல் ஒடுங்கிவிட்டால் போய்ப் பேசுங்கள். காலில் முள் தைத்தவனைக் கேலி செய்வோமா? மனம் நொந்தவனையும் கேலி செய்யலாகாது. கூடப்போய் ஆஸ்பத்திரியில் உட்காருங்கள். ஒருநாள் கூலி போகும். ஒரு மனிதன் மிஞ்சுவான்.

தோழர்களே! உழைப்பவனிடம் இருப்பது இரண்டு கைகள் என்று சொல்வார்கள். அந்தக் கைகளை இயக்குவது மூளை. எட்டு மணி நேர உழைப்பைத்தான் நாம் கூலிக்கு விற்றோம். நம் நினைவை விற்கவில்லை, நிதானத்தை விற்கவில்லை, பெற்ற பிள்ளையின் பெயரை மறந்து நிற்கும் நிலைக்கு ஒப்பந்தம் போடவில்லை. வருகிற வாரம் ஒவ்வொரு இலாகாவிலும், ஒவ்வொரு சேரியிலும் அந்த நோட்டைத் தொடங்குங்கள். அடுத்த வகுப்பில் அதை வைத்துப் பேசுவோம்.