இரு மொழிச் சிரிப்பு



பிற மாநிலங்களில் குடியேறி வாழும் நம்மிடையே ஒருவகை நகைச்சுவை தானே விளைகின்றது. ஊருக்குப் புதியவரான நம்மவர் ஒருவர் காய்கறிக் கடையில் நின்று, ஒரு பூசணிக்காயைச் சுட்டிக்காட்டி, "தோ!" என்கிறார். கடைக்காரர் இரண்டு பூசணிக்காய்களை எடுத்து வைக்கிறார். இந்தியில் 'தோ' என்றால் இரண்டு அல்லவா? இரண்டையும் சுமந்து வந்தவரைக் கண்டு வீடே சிரிக்கிறது.

நம் காளமேகப் புலவர் புகழ்பெற்ற சிலேடை ஒரே மொழிக்குள் நிகழ்வது. இரு மொழிகளின் வரப்பில் நின்று சிரிப்பதோ வேறு வகை. ஆங்கிலம் வழங்கும் நாடுகளில், இலத்தீன் மொழியை நெட்டுருச் செய்த மாணவர்கள், அச்சுமையைக் குறைக்க இதனைக் கைக்கொண்டார்கள். "செம்பர் உபி சுப் உபி" என்பார்கள். 'எப்போதும், எங்கே, கீழே, எங்கே' என்பவை அச்சொற்களின் பொருள். இலத்தீனில் அது வெறும் பிதற்றல். ஆங்கிலத்தில் சொல்லுக்குச் சொல் பெயர்த்து உரக்கப் படித்தாலோ, 'எப்போதும் உள்ளாடை அணிக' என்று காதில் விழும்!

இவ்விளையாட்டு ஒருமுறை நம் துணைக்கண்டத்தின் வரலாற்றையும் தொட்டது. 1843-ஆம் ஆண்டில் சார்லஸ் நேப்பியர் என்னும் ஆங்கிலத் தளபதி, இன்று பாகிஸ்தானில் உள்ள சிந்து நாட்டின் அமீர்களை மியானிப் போரில் வென்றார். அந்நாடு ஆங்கிலேயர் வசமாயிற்று. 1844 மே மாதத்தில், இலண்டன் நகரின் 'பஞ்ச்' என்னும் நகைச்சுவை இதழ், அவர் அனுப்பிய வெற்றிச் செய்தி ஒரே ஒரு சொல்தான் என்று எழுதியது. அச்சொல், "பெக்காவி". 'நான் பாவம் செய்தேன்' என்பது அதன் பொருள். அதனை ஆங்கிலமாக்கினால், "ஐ ஹாவ் சின்ட்" என்றாகும். 'சிந்து என் கைவசம்' என்பதற்கும் ஆங்கிலத்தில் அதே ஒலிதான்!

உண்மையில் நேப்பியர் அவ்வாறு எழுதவில்லை. அதனைப் புனைந்து அனுப்பியவர் காதரின் விங்க்வொர்த் என்னும் 16 வயது மங்கை. ஆயினும் அது நேப்பியரின் வாக்கென்றே பலர் நெடுங்காலம் நம்பினர்.

அவர்கள் நம்பியதில் வியப்பில்லை. சிந்துவைப் பறிக்கத் தமக்கு உரிமையில்லை என்றும், ஆயினும் பறிக்கவே போவதாகவும், போருக்கு முன்னரே நேப்பியர் தம் நாட்குறிப்பில் எழுதியிருந்தார். வெற்றியைக் கொண்டாடும் அறிக்கையில் இடம்பெறாத 'பாவம்' என்னும் சொல், ஓர் இளம்பெண்ணின் வேடிக்கையில் வெளிப்பட்டுவிட்டது.

நம் குழந்தைகள் தமிழையும் அயல்மொழியையும் மோதவிட்டுக் கேலி செய்யும்போது, தமிழ் கெடுகிறதே என்று நாம் அதட்டுகிறோம். சற்றே எண்ணிப் பார்ப்போம். 'பெக்காவி'யைக் கேட்டுச் சிரிக்க இரு மொழியும் தெரிந்திருக்க வேண்டும். பூசணிக்காய்க் கதையைக் கேட்டுச் சிரிக்கும் குழந்தையிடமும் தமிழ் இன்னும் இருக்கிறது. அக்கதைக்கு நம் வீட்டில் எவரும் சிரிக்காத நாள் வருமாயின், அன்றுதான் நாம் கவலைப்பட வேண்டும்.